சந்திரம்மா சொல்லாத பெயர்

அத்தியாயம் பதினொன்று

போன வாரம் தபால் கார்டு வந்த இடத்தில் நிறுத்தியிருந்தேன். உங்களுக்கு ஏழு நாள் ஆகிவிட்டது. எல்லப்பன் வீட்டில் ஒரே ஒரு ராத்திரிதான் கழிந்திருக்கிறது. கார்டு இன்னும் மாடத்தில் விளக்குக்குப் பக்கத்தில் சாய்ந்து நிற்கிறது.

இன்றைக்குத்தான் கதைக்குள் நுழைகிறவர்களுக்காக நாலு வரி. செங்கற்பட்டு ஜங்ஷனில் எல்லப்பன் பாயிண்ட்ஸ்மேன். ஸ்டேஷனில் அவர் நெம்புகோலை இழுத்த பக்கம்தான் மெயிலே போகும். வீட்டில் அந்த மாதிரி நெம்புகோல் எதுவும் கிடையாது. மனைவி சந்திரம்மா. வரிசையாக நாலு பெண்கள், அப்புறம் வேதகிரி என்று ஒரு பிள்ளை. மூத்த பெண்கள் மூவரும் புருஷன் வீட்டில். நாலாவது பெண்ணுக்குப் பத்தொன்பது வயது, எலிமெண்டரி ஸ்கூல் டீச்சர். திருவிடந்தைத் தபால்காரன் ஆதிவராகனுக்கு நிச்சயமாகி, வைகாசியில் கல்யாணம். அவள் பெயர் வேண்டா.

எங்கள் ஜில்லாவில் இது அதிசயமில்லை. பெண்ணாகவே பிறந்துகொண்டிருந்தால் கடைசிப் பெண்ணுக்கு இந்தப் பெயரை வைத்து, எல்லையம்மன் எதிரே போய் மூன்று தடவை உரக்கச் சொல்லிவிட்டு வருவார்கள். அம்மன் புரிந்துகொண்டு அடுத்ததை ஆணாக அனுப்புவாள். மதுராந்தகம் பக்கத்தில் ஒரு குடும்பம் கௌரவம் பார்த்து இந்தப் பெயரை வைக்காமல் விட்டது. பதினோரு பெண்கள். பன்னிரண்டாவதாக அவர்கள் வீட்டு மாடு கன்று போட்டது. அதுவும் கிடாரி. நானே பார்த்தேன்.

சந்திரம்மா அப்படிக் கௌரவம் பார்க்கிறவள் அல்ல. நாலாவது பெண்ணுக்குப் பதினாறாம் நாள் பெயர் வைத்தாள். இரண்டாம் வருஷம் வேதகிரி பிறந்தான்.

இப்போது மாப்பிள்ளையின் அம்மா பொன்னியம்மாள் கார்டு போட்டிருக்கிறாள். பக்கத்து வீட்டு வாத்தியார் கையெழுத்து. 'பெண்ணின் பெயர் கூப்பிட லட்சணமாக இல்லை. எங்கள் ஊர்த் தாயார் பெயர் கோமளவல்லி. பத்திரிகையில் அந்தப் பெயரையே போடவும். மற்றபடி எல்லோரும் சுகம்.'

பத்திரிகை அச்சாக வேண்டியது இன்றைக்கு. சனிக்கிழமை.

காலையில் அடுப்படியில் ஆரம்பித்தது.

"இன்னொரு வாட்டி யோசிங்க" என்றாள் சந்திரம்மா. "அம்மனுக்குச் சொன்ன பேரு. அத்த வாபஸ் வாங்கினா, அவ குடுத்ததை அவ வாபஸ் வாங்க மாட்டாளா?"

"எத்த வாபஸ் வாங்குவா?"

"எம் புள்ளைய."

எல்லப்பன் தோசையைப் பிய்த்தார். "உம் புள்ளைக்கு மீசை மொளச்சிடுச்சு. பதினேழு வருஷம் கழிச்சு எந்தக் கடையில சரக்கு வாபஸ் வாங்குறான்?"

"சாமியும் கடையும் ஒண்ணா?"

"ஜில்லா பூரா அவளுக்கு எத்தினி வூடு கீது! எல்லப்பன் பொண்ணு பேரு இன்னான்னு தினம் எழுந்து ரிஜிஸ்டர் பார்த்துகினு இருப்பாளா?"

"பேருல குத்தம் சொல்றாங்களே, அவங்க புள்ள பேரு இன்னா லட்சணம்? ஆதிவராகன். பன்னிதானே? நாம கார்டு போட்டோமா?"

"அது பெருமாள் பன்னி. அது வேற" என்றார் எல்லப்பன்.

நாலாவது பெண் சுவரோரமாக உட்கார்ந்து தன் நாஸ்தாவை முடித்துக்கொண்டிருந்தாள். அவளை இதுவரை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பாளா என்பதும் சந்தேகம். அவள் வகுப்பில் இரண்டாவது பெஞ்சில் ஒரு குட்டி வேண்டா உண்டு. ஆஜர் எடுக்கும்போது முப்பத்தாறு பெயரையும் முகம் பார்த்துக் கூப்பிடுகிற டீச்சர், அந்த ஒரு பெயரை மட்டும் ரிஜிஸ்டரைப் பார்த்துக் கூப்பிட்டுவிட்டு அடுத்த பெயருக்குப் போய்விடுவாள். நேற்று சாயங்காலம் கார்டு வந்த பிறகு ஒரு நோட்டின் கடைசிப் பக்கத்தில் கோமளவல்லி, கோமளவல்லி என்று பதினோரு தடவை எழுதிப் பார்த்திருந்தாள். பதினோராவது கோமளவல்லி நன்றாகவே வந்திருந்தது.

"நீ இன்னா சொல்ற கண்ணு?" என்று கேட்டாள் சந்திரம்மா.

"எனக்கு ஒண்ணும் இல்லம்மா. எப்படின்னாலும் சரிதான்."

சந்திரம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் மகளின் வலது கை விரலில் இருந்த மையைப் பார்க்கத் தெரிந்தது. பள்ளிக்கூட மை சிவப்பு. இது நீலம். வீட்டில் உட்கார்ந்து, ஆசையாக எழுதிய மை. ரொம்ப நேரம் அந்த விரலையே பார்த்தாள்.

"சரிங்க" என்றாள் கடைசியில். "அவங்க சொன்ன பேரையே போடுங்க."

சொல்லிவிட்டுத் தெருப்பக்கம் திரும்பிக் கும்பிட்டாள். வேதகிரி அன்று விடிந்ததும் சைக்கிளில் கிளம்பியிருந்தான். மாப்பிள்ளை வீட்டார் பெயர்களைச் சரிபார்த்து வர, வெற்றிலை பாக்கோடும் பத்திரிகை நகலோடும் திருவிடந்தைக்கு அனுப்பியிருந்தார்கள்.

*

கிஃபாயத்துல்லா பாயின் அச்சுக்கூடம் பஜாரில் இருந்தது. ஒரு மிஷின், ஒரு கம்பாசிட்டர், ஒரு சட்டம். சட்டம் சுவரிலேயே எழுதியிருக்கும்: 'பெயர் திருத்தம் செய்ய விரும்புவோர் நேரில் வந்து தம் வாயாலேயே சொல்லவேண்டும்.'

இந்தச் சட்டத்துக்குக் காரணம் உண்டு. யுத்த சமயத்தில் ஒரு கல்யாணப் பத்திரிகைக்குத் திருத்தம் ஆள் மூலம் சீட்டில் வந்தது. மாப்பிள்ளை பெயர் இருக்கவேண்டிய இடத்தில் மாப்பிள்ளையின் அண்ணன் பெயர் விழுந்துவிட்டது. எண்ணூறு பேருக்குப் பத்திரிகை போய்ச் சேர்ந்துவிட்டது. எண்ணூறு பேரையும் ஏமாற்றக் கூடாதென்று அண்ணனையே மணையில் உட்கார வைத்தார்கள். இன்றைக்கும் சௌக்கியமாக இருக்கிறார்கள், பேரன் எடுத்தாகிவிட்டது. இருந்தாலும் பாய் அதற்கப்புறம் சீட்டை நம்புவதில்லை.

பதினோரு மணி சுமாருக்கு எல்லப்பன் உள்ளே வந்து, விஷயத்தைத் தம் வாயாலேயே சொன்னார்.

"பேரு மாத்துறது நல்லதுதான் அண்ணாத்த" என்றார் பாய். "எனக்கே மாத்தினதுதான்."

"உங்களுக்கா?"

"எனக்கு மொதல்ல வெச்ச பேரு ஜலாலுதீன். மார்க்கத்தோட மகத்துவம்னு அர்த்தம். நான் பொறந்தப்ப ஒரு தேங்கா அளவுதான் இருந்தேனாம். அவ்ளோ பெரிய பேரு தாங்குமா? ஓயாம காய்ச்சல். பள்ளிவாசல் ஹஜ்ரத்து வந்து பார்த்துட்டு, புள்ளைக்கு ஒரு நோவும் இல்ல, பேருதான் கனம், எறக்கி வைங்கன்னாரு. அப்பால கிஃபாயத்துல்லான்னு வெச்சாங்க."

"அதுக்கு இன்னா அர்த்தம்?"

"அல்லாவே போதும்."

எல்லப்பன் பாயை மேலும் கீழும் பார்த்தார். இரண்டு பேர் உட்காரும் பெஞ்சில் பாய் ஒருவரே உட்கார்ந்திருந்தார். "பேரு நல்லாத்தான் வேலை செஞ்சிருக்கு பாய்."

"கெட்ட அர்த்தம் இருந்தா மாத்தணும்னே எங்க மார்க்கத்துல சொல்லிக்கீது. நம்ம ஆபிரகாமைக் கேளுங்க, அவங்க வேதத்துல இன்னும் பெரிய கதை வெச்சிருப்பான்."

கம்பாசிட்டர் ஆபிரகாம் எழுத்துப் பெட்டியிலிருந்து தலையைத் தூக்கவில்லை. அவர் கை வேலை செய்துகொண்டிருந்தால்தான் வாய் பேசும். "என் பேருகாரரே தொண்ணூத்தொம்பது வயசு வரைக்கும் வெறும் ஆபிராம்தான். கடவுள் கூப்பிட்டு, நீ இனிமே ஆபிரகாம், திரளான ஜனத்துக்குத் தகப்பன்னாரு. அவருக்கே மாத்தலாம்னா நம்மளுக்கு மாத்தக் கூடாதா? ஆனா, பாயிண்ட்ஸ்மேன் சார், உங்க பொண்ணு கதைக்கு அது சரிப்படாது. ராகேல் கதைதான் சரிப்படும்."

"அது இன்னா?"

"ராகேல் பிரசவத்துல சாகுற நேரம். பொறந்த புள்ளைக்குப் பெனொனின்னு பேரு வெச்சிட்டுக் கண்ண மூடிட்டா. என் துக்கத்தின் புள்ளைன்னு அர்த்தம். தகப்பன் பார்த்தான். இந்தப் பேரை வெச்சுக்கினு ஒரு பையன் எப்படி நடமாடுவான்? பென்யமீன்னு மாத்திட்டான். வலது கைப் புள்ளைன்னு அர்த்தம். அம்மா வெச்சது துக்கம், அப்பன் மாத்தினது பலம்."

எல்லப்பனுக்கு இந்தக் கதை ரொம்பப் பிடித்துவிட்டது. அப்பா மாற்றியது நிலைத்தது என்று கேட்பதே அவருக்கு ஒரு தெம்பு. "அம்மாக்காரி சண்டைக்கு வரலியா?"

"அதான் செத்துட்டாளே."

"ஆமா, ஆமா" என்றார் எல்லப்பன் அவசரமாக. "கோமளவல்லின்னு போடுங்க."

அர்த்தம் பார்க்கப் போனால் பெயர்களுக்கு முடிவே கிடையாது. சதுரங்கப்பட்டினம் கோட்டைக்குள் டச்சுக்காரர்கள் கல்லறை இருக்கிறது. அங்கே பீட்டர் என்று ஒருவர் படுத்திருப்பதாக எனக்கு ஒருவர் காட்டினார். பீட்டர் என்றால் அவர்கள் வேதத்தில் கல் என்று அர்த்தமாம். கல்லுக்கு மேலே கல்லை வைத்து அதில் கல் என்று செதுக்கியிருக்கிறார்கள். படுத்திருப்பவர் எதுவும் ஆட்சேபிக்கவில்லை.

பதினொன்றரை மணிக்குக் கோமளவல்லி அச்சுக்கோவையில் ஏறினாள். எல்லப்பன் டியூட்டிக்குப் போனார்.

*

மூன்று மணிக்குத் திருக்கழுக்குன்றம் பஸ் வந்தது. அதிலிருந்து வேதகிரி இறங்கினான். நெற்றியில் எலுமிச்சம்பழ அளவு வீக்கம். இடது மணிக்கட்டில் காக்கித் துணிக்கட்டு. சட்டை அவனுடையது அல்ல. அவனுக்குப் பின்னால் பஸ் கூரையிலிருந்து வளைந்த சைக்கிளை இறக்கிக்கொண்டு, காக்கிச் சட்டைக்குள் வியர்த்து நின்றவன் மாப்பிள்ளை ஆதிவராகன்.

இருவரும் வீட்டு வாசலுக்கு வந்ததும் சந்திரம்மா கையிலிருந்த முறம் கீழே விழுந்தது.

"ராசா, இன்னாடா இது!"

"ஒண்ணும் இல்லம்மா. கால்வாயில விழுந்துட்டேன்."

"எந்தக் கால்வாயில?"

"மகாபலிபுரத்துக்கு முன்னாடி. பெரிய கால்வா. ரெண்டு கையையும் வுட்டுட்டு ஓட்டிக்கினு போனேன்."

"ஆழமில்ல அத்த, இடுப்பளவுதான்" என்றான் ஆதிவராகன். "நான் மகாபலிபுரம் போஸ்டாபீசுல பையை வாங்கிக்கினு, கரைப்பக்கம் ஒரு கடுதாசி குடுக்க வந்தேன். யாரோ தலையில அடிபட்ட மயக்கத்துல சேத்துல நின்னுக்கினு பாட்டு சொல்லிக்கினு இருந்தாரு. மூஞ்சியெல்லாம் சேறு, எந்த வூட்டுப் புள்ளைன்னு தெரியல. சைக்கிள்ல பார்த்தா மறைக்குன்றன்னு எழுதியிருக்கு. நான் தபால் குடுக்குற பீட்டுல அப்படி ஒரு பேரே கிடையாது."

வேதகிரி தலையைக் குனிந்தான். பையன்கள் எல்லாம் தங்கள் பெயரைச் சுத்தத் தமிழில் மாற்றிக்கொண்டிருந்த வருஷம் அது. வேதம் மறையாகிவிட்டது, கிரி குன்றாகிவிட்டது. போன வாரம்தான் மட்கார்டில் பெயிண்டால் எழுதியிருந்தான்.

"அப்பால பையில இருந்த நகலைப் பார்த்தேன். மாப்பிள்ளைன்னு என் பேரு போட்டிருந்தது" என்றான் ஆதிவராகன். "சரி, நம்ம வூட்டு ஆளுதான்னு கூட்டிக்கினு போயி, என் சட்டையைப் போட்டுவிட்டு, அரை நாள் லீவு எழுதிக் குடுத்துட்டு வந்தேன்."

சந்திரம்மா இதில் எதையும் கேட்கவில்லை. மகனின் நெற்றியைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள். "சொன்னேனே! வாபஸ் வாங்குவான்னு சொன்னேனே! யாரு கேட்டாங்க?"

வேண்டா கதவுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள். மாப்பிள்ளை இருந்ததால் முழுசாக வெளியே வர முடியாது. ஆனால் டீச்சர் அல்லவா, கணக்குத் தப்பாகப் போவதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கவும் முடியாது.

"எத்தினி மணிக்குடா விழுந்தே?"

"பத்து இருக்கும்."

"அம்மா, நைனா அச்சாபீசுல சொன்னதே பதினோரு மணிக்கு மேல. பேரு மாறுறதுக்கு ஒரு மணி முன்னாடியே இவன் விழுந்துட்டான். அதுக்கும் இதுக்கும் சம்பந்தம் இல்லம்மா."

"அம்மனுக்கு முன்னாடியே தெரியாதா?" என்றாள் சந்திரம்மா.

இந்தக் கேள்விக்கு டிரெயினிங் ஸ்கூலில் பதில் சொல்லிக் கொடுப்பதில்லை.

"மாத்தினவன் இவன்மா! இவன் பேரைத்தான் இவன் மாத்திக்கினு கீறான். சைக்கிளைப் பாரு."

"நீ ஏண்டி அவனைச் சொல்ற? அவன் எந்தப் பேரு வெச்சிக்கினாலும் எம் புள்ளைதான். உன் பேருதான்..." சந்திரம்மா பாதியில் நிறுத்தினாள். முந்தானையை இடுப்பில் செருகினாள். செருப்பு இல்லாமல் தெருவில் இறங்கினாள்.

"எங்க போறே?"

"அச்சாபீசுக்கு."

பன்னிரண்டு வருஷமாகச் சந்திரம்மா பஜார்ப்பக்கம் தனியாகப் போனதில்லை. அன்றைக்கு அவள் நடந்த வேகத்தில் பெரிய மணிக்கூண்டே ஒதுங்கி வழிவிட்டது என்று சிலர் சொல்கிறார்கள். எங்கள் ஊரில் மணிக்கூண்டு இருந்ததா என்று நான் போய்ப் பார்க்கவில்லை. பின்னால் வேண்டா ஓடினாள். வீட்டுக்கு வந்த மாப்பிள்ளையை வாசலிலேயே விட்டுப்போவது மரியாதையா என்ற கேள்வி எழுந்திருக்கும். அதற்குள் அவனும் இருபது கஜம் தள்ளிப் பின்னால் வந்துகொண்டிருந்தான்.

*

கிஃபாயத்துல்லா பாய் தொழுகைக்குப் போயிருந்தார். ஆபிரகாம் மட்டும் இருந்தார். முதல் புரூஃப் எடுத்து, ஈரத்தோடு கயிற்றில் தொங்கவிட்டிருந்தார்.

"எங்க வூட்டுப் பத்திரிகையை நிறுத்துங்க" என்றாள் சந்திரம்மா மூச்சு வாங்க. "பழைய பேரையே போடுங்க."

"யார் வூட்டும்மா?"

சந்திரம்மா ஸ்டேஷன் இருக்கும் திசையைக் காட்டினாள்.

"புரிஞ்சுது. வூட்டுக்காரர் பேரைச் சொல்ல வேணாம்" என்றார் ஆபிரகாம். கல்யாண சீசனில் இந்த மாதிரித் திசைகாட்டல் அவருக்கு நிறையப் பழக்கம். "பேரு திருத்தமா? அப்ப நீங்க வாயால சொல்லணும்மா. பொண்ணு பேரு இன்னா?"

சந்திரம்மா வாயைத் திறந்தாள். மூடினாள்.

"உங்களுக்குத்தான் தெரியுமே."

"தெரியும்மா. ஆனா மொதலாளி சட்டம். தோ, செவுத்துல எழுதிக்கீது. பேரை நீங்கதான் சொல்லணும்."

"பழைய பேருன்னு போட்டுக்கங்க."

"பழைய பேருன்னா பத்திரிகையில போட முடியும்? சொல்லுங்கம்மா. ரெண்டே எழுத்து பேருக்கு இப்படி யோசிக்கிறீங்களே."

ஆபிரகாம் விரலால் எண்ணிப் பார்த்து, மூன்று என்று தம்மையே திருத்திக்கொண்டார்.

சந்திரம்மா எழுத்துப் பெட்டியைப் பார்த்தாள். ஈயத்தில் அத்தனை எழுத்துகள் இருந்தன. அவளுக்கு ஒன்றும் உதவவில்லை. நெற்றி வியர்த்தது. வாசலில் வேண்டா வந்து நின்றதை அவள் பார்க்கவில்லை.

"புருஷன் பேரைச் சொல்லக் கூடாது, மாமனார் பேரைச் சொல்லக் கூடாது, சரி" என்றார் ஆபிரகாம் பொறுமையாக. "பெத்த பொண்ணு பேரைச் சொல்லக் கூடாதுன்னு எந்த ஜாதியிலயும் நான் கேட்டது இல்லியேம்மா."

"நான் சொன்னது இல்லப்பா."

"இன்னைக்கா?"

"எப்பவும். கோயில்ல மூணு வாட்டி சொன்னேன். குழந்தைக்குப் பதினாறு நாளு. மடியில தூங்கிக்கினு இருந்துச்சு. அதோட சரி." சந்திரம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். "அது அம்மனுக்குச் சொன்ன பேருப்பா. எம் பொண்ணுக்குச் சொன்னது இல்ல. அவ மூஞ்சியைப் பார்த்து அந்தப் பேரை எப்படிச் சொல்றது?"

ஆபிரகாமின் கை, இருபது வருஷத்தில் முதல் தடவையாக என்று நினைக்கிறேன், வேலையில்லாமல் நின்றது.

வாசலில் வேண்டா பின்னோக்கி எண்ணிப் பார்த்துக்கொண்டிருந்தாள். இன்று காலையில் கண்ணு. நேற்று தலை வாரும்போது கண்ணு. அம்மை போட்டுப் படுத்திருந்தபோது கண்ணு. பரீட்சையில் பாஸான அன்று ஏ கண்ணு. கோபம் வந்தால் ஏண்டி, ரொம்பக் கோபம் வந்தால் இவளே. அப்பா கூப்பிட்டிருக்கிறார், அக்காக்கள் கூப்பிட்டிருக்கிறார்கள், ஸ்கூலில், தெருவில், ரேஷன் கடையில் கூப்பிட்டிருக்கிறார்கள். பத்தொன்பது வருஷத்தையும் ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தாள். அம்மா வாயில் அந்தப் பெயர் ஒரு இடத்திலும் இல்லை.

கயிற்றில் கோமளவல்லி ஈரமாக ஆடிக்கொண்டிருந்தாள். அச்சில் ரொம்ப அழகாகவே இருந்தாள். வேண்டா அதைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு உள்ளே வந்தாள்.

"வேண்டான்னு போடுங்க" என்றாள்.

சந்திரம்மா திடுக்கிட்டுத் திரும்பினாள். "கண்ணு, நீ எப்ப வந்தே?"

"இப்பத்தான்."

"உனக்கு அந்தப் பேரு புடிச்சிருந்துதே. விரல்ல மை..."

"புடிச்சுதுதான். ஆனா இதுவும் இருக்கட்டும்மா." வேண்டா ஆபிரகாமைப் பார்த்தே பேசினாள். "இந்தப் பேரை இத்தினி நாளா எனக்கு வந்த கடுதாசின்னு நெனச்சுக்கினு இருந்தேன். எனக்கு வந்தது இல்லியே. அம்மனுக்குப் போட்டது. கொண்டு போயிக் குடுத்ததுதான் நானு. அதுல இன்னா கீது?"

வெளியே ஒரு கனைப்புச் சத்தம் கேட்டது. தபால்காரனுக்கு முன்னால் கடிதத்தைப் பற்றிப் பேசினால் அவன் சும்மா இருப்பானா? ஆதிவராகன் படியில் நின்றிருந்தான். உள்ளே வந்தான். கல்யாணத்துக்கு முன்னால் பெண்ணை நேராகப் பார்ப்பது முறையில்லை என்பதால் சுவர்க் காலண்டரைப் பார்த்துக்கொண்டு பேசினான்.

"அத்த, உங்க பொண்ணு சொன்னபடியே இருக்கட்டும்."

"உங்கம்மா ஒத்துக்கணுமே தம்பி. கார்டு போட்டுக்கீறாங்களே."

"அம்மா போட்ட கார்டு எனக்குத் தெரியாது. என்னைக் கேட்டிருந்தா நானே எழுதிக் குடுத்திருப்பேன். பக்கத்து வூட்டு வாத்தியாரைக் கூப்பிட்டு எழுத வெச்சாங்க. அது ஏன்னு பஸ்ஸுல வர்றப்ப யோசிச்சுக்கினே வந்தேன்."

"ஏனாம்?"

ஆதிவராகன் காலண்டரில் ஒரு தேதியைத் தேடுவதுபோல் நின்றான்.

"அச்சரப்பாக்கத்துல எங்க மாமா கீறாரு. அம்மாவுக்கு ஒரே தம்பி. வருஷா வருஷம் ஆடி மாசம் ஒரு கார்டு போடுவாரு. அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. நான்தான் படிச்சுக் காட்டுவேன். விலாசத்துல பொன்னியம்மாள்னு இருக்கும். உள்ள மொத வரியில வேற பேரு இருக்கும்."

சந்திரம்மா அவனையே பார்த்தாள்.

"அன்புள்ள அக்கா வேண்டாவுக்கு, அப்படீன்னு."

ஆபிரகாம் கையிலிருந்த எழுத்துகளைப் பெட்டியில் வைத்தார்.

"அம்மா கல்யாணம் ஆயி எங்க ஊருக்கு வந்தப்ப பேரை மாத்தியிருக்காங்க. எங்க நைனாவே பொன்னின்னுதான் கூப்பிடுவாரு. ஊருல யாருக்கும் தெரியாது. தெரிஞ்சா மனசு கஷ்டப்படும்னு அந்த வரியை மட்டும் வுட்டுட்டு, ரெண்டாவது வரியிலேர்ந்து படிப்பேன். எட்டு வருஷமா அப்படித்தான் படிக்கிறேன்."

"நல்ல காரியந்தான் பண்ணியிருக்கே தம்பி."

"அப்படித்தான் நானும் நெனச்சேன் அத்த." அவன் இப்போது காலண்டரை விட்டுவிட்டு வேண்டாவைப் பார்த்தான். முறையெல்லாம் மறந்துபோயிருந்தது. "ஆனா ஒவ்வொரு வருஷமும் படிச்சு முடிச்சப்புறம் கார்டைக் கையில வாங்கி, மேல் பக்கம் விரலை வெச்சுக்கினு அம்மா ஒண்ணு கேப்பாங்க. 'அவ்ளோதானாடா? ஆரம்பத்துல ஒண்ணும் எழுதலையா?'"

ஆபிரகாம் பெட்டிக்குத் திரும்பினார். கோமளவல்லியை ஒவ்வொரு எழுத்தாகக் கழற்றி அதனதன் அறையில் போட்டார். மூன்று எழுத்துகளை எடுத்துக் கோர்த்தார். மிஷினில் ஒரே ஒரு தாள் போட்டு இழுத்தார்.

"சட்டம் இருக்கேம்மா. ஒரு வாட்டி படிச்சுக் காட்டணும்" என்று தயங்கினார்.

"குடுங்க" என்றாள் வேண்டா. புரூஃபை வாங்கி, இரண்டாவது பெஞ்சுக்கும் கேட்கிற குரலில் தன் பெயரைத் தலைநிமிர்ந்து வாசித்தாள். சந்திரம்மா மகளின் முகத்தையே பார்த்துக்கொண்டு கேட்டாள்.

ஆதிவராகன் கையை நீட்டினான். "அந்தத் தாளை எனக்குக் குடுங்க. எங்கம்மாவுக்கு நானே டெலிவரி பண்றேன். இந்த வாட்டி மொத வரியிலேர்ந்து படிக்கப் போறேன்."

ஐந்து மணி பஸ்ஸுக்கு இன்னும் நேரம் இருந்தது. மை காயவில்லை. மடித்தால் பெயர் எதிர்ப்பக்கத்தில் ஒட்டிக்கொள்ளும் என்று ஆபிரகாம் எச்சரித்தார். அதனால் தபால்காரன் அந்தத் தாளை மடிக்காமல், இரண்டு கையாலும் முன்னால் பிடித்துக்கொண்டு, காற்றுக்குக் காட்டியபடியே பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தான். திருவிடந்தையில் பொன்னியம்மாள் அந்நேரம் மருமகளுக்காக வாங்கிய பித்தளைக் குடத்தைப் பாத்திரம் செய்யும் கன்னானிடம் கொடுத்து, அதன் கழுத்தில் கோமளவல்லி என்று பெயர் வெட்டச் சொல்லிக்கொண்டிருந்தாள். கன்னான் முதல் எழுத்தை முடித்துவிட்டான்.